ஆர்வில் தவறாகச் சொன்ன விடை

மத்தியானம் இரண்டரை மணிக்குச் சாலை காணாமல் போனது. கண்ணாடிக்கு முன்னால் பஸ்ஸின் மூக்கு தெரிந்தது. அதற்கு அப்பால் வானமும் இல்லை, தரையும் இல்லை, வேலிக் கம்பமும் இல்லை, வெறும் வெள்ளைதான். இருபத்திரண்டு வருஷம் பள்ளிக்கூட பஸ் ஓட்டிய ஆர்லீனுக்கு இது புதிதல்ல. பழகிய பாம்பு என்பதற்காக யாராவது பயப்படாமல் இருக்கிறார்களா என்ன? பிரேக்கை மெல்ல மிதித்து, வலது சக்கரம் ஓரத்துச் சரளையில் நறநறக்கும் சத்தம் கேட்டதும் நிறுத்தி, நான்கு விளக்குகளையும் சிமிட்டவிட்டாள். ஸ்டியரிங்கை விட்டுக் கை வரமாட்டேன் என்றது. விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தெடுக்க வேண்டியிருந்தது.

"என்ன மகராசி, காப்பிக் கடை வந்திருச்சா?" என்று பின்னாலிருந்து லைல் குரல் கொடுத்தான். நாற்பது வருஷம் மாட்டுச் சந்தையில் ஏலம் கூவிய தொண்டை அது. காதருகே பேசினாலும் கடைசி வரிசைக்குத்தான் பேசும்.

"ரோடு தெரியல லைல். தெரியற வரைக்கும் ஒரு அடி நகர மாட்டேன்."

"நல்லதாப் போச்சு. மூணு மேட்சும் தோத்துட்டு வீட்டுக்கு அவசரமாப் போய் என்ன கிழிக்கப் போறோம்?"

பஸ்ஸில் ஒன்பது கிழவர்கள். லார்க்ஹில் ஊரின் ஐம்பது வயது கடந்தவர்களுக்கான ஐஸ் ஹாக்கி அணி. ஒவ்வொரு பிப்ரவரியிலும் மூன்று மணி நேரம் தள்ளி நடக்கும் போட்டிக்குப் போவதும், இரண்டு நாள் ஐஸில் விழுந்து எழுவதும், சனிக்கிழமை குடித்த பீரை ஞாயிற்றுக்கிழமை தலைவலியாகச் சுமந்துகொண்டு திரும்புவதும்தான் அவர்களுடைய திருவிழா. பள்ளிக்கூடம் கழித்துக்கட்டிய சின்ன பஸ் ஒன்றை எல்லோரும் சேர்ந்து வாங்கியிருந்தார்கள். ஓட்ட ஆர்லீன். அவள் குடிக்கமாட்டாள். போதாததற்கு, அணிக்குக் கோல் விழாமல் வலை காக்கும் கோலி நெஸ்டர் அவள் புருஷன்.

அந்த நெஸ்டர் இப்போது கடைசி இருக்கையில், ஒன்பது பேரின் ஹாக்கி மூட்டைகளுக்கு நடுவே கால் நீட்டிப் படுத்திருந்தான். முதுகுவலிக்கு அதுதான் சுகம் என்பான். அந்த மூட்டைகளின் நாற்றம் இருக்கிறதே, ஏழு ஜென்மத்து வியர்வை. வெளியாள் ஏறினால் குமட்டும். இவர்களுக்கோ மூக்கே மரத்துப்போய்விட்டது. மூட்டைகளில் ஒட்டிய பனி உருகிப் பஸ்ஸெல்லாம் குளமாகிறது என்று, போன வருஷம் நெஸ்டர் பின்பக்கத் தரையில் நான்கு பெரிய ஓட்டைகள் போட்டான். தண்ணீர் அழகாகக் கீழே வடிந்தது. ஊரே வந்து பார்த்து, நெஸ்டருக்கு மூளை இருக்கிறது என்று ஒப்புக்கொண்டது.

ஆர்லீன் போலீஸுக்குப் போன் போட்டாள். எடுத்த பெண் நிதானமாகப் பேசினாள். "பனி தள்ளுற வண்டியக்கூட நிறுத்தி வச்சிருக்கோம்மா. காத்து அடங்கினாத்தான் வரும். என்ன ஆனாலும் வண்டிய விட்டு இறங்கிடாதீங்க."

அதைச் சொல்லித்தான் தெரிய வேண்டுமா? சஸ்காச்சுவான் மாகாணத்தில் பிறந்த குழந்தை அம்மா என்று சொல்வதற்குள் கற்றுக்கொள்கிற பாடம் அது. வண்டியை விட்டு இறங்கி நடந்தவர்களைப் பனி உருகிய பிறகுதான் கண்டெடுப்பார்கள், அதுவும் நாற்பது அடி தூரத்தில். வெளியே மைனஸ் முப்பத்தொன்று. டாங்கில் முக்கால்வாசி பெட்ரோல் இருந்தது. இன்ஜினை ஓடவிட்டால் சூடு வரும். ஒன்றே ஒன்றில்தான் கவனம் வேண்டும். புகைக்குழாயைப் பனி மூடிவிடக் கூடாது. அரை மணிக்கு ஒருமுறை போய்த் தள்ளிவிட வேண்டும். மண்வாரி எங்கே என்று கேட்டாள். பீர்ப் பெட்டிக்கு இடம் போதவில்லை என்று கிளம்பும்போதே அதை இறக்கி வைத்துவிட்டார்களாம். நன்றாக நாலு வார்த்தை திட்டிவிட்டு, அவளே இறங்கி, பஸ்ஸைத் தடவியபடி பின்னால் போய், குழாயைச் சுற்றிக் காலால் பனியை உதைத்துத் தள்ளிவிட்டு வந்தாள். ஏறி உட்கார்ந்து ஐந்து நிமிஷம் வரை பற்கள் தட்டிக்கொண்டேயிருந்தன. மணி இரண்டே முக்கால்.

"சரி, பொழுது போகணும்ல," என்றான் லைல். "ஆர்வில் அய்யா, ரெடியா?"

இதுவும் அவர்கள் வழக்கம். டொரான்டோவில் ஹாக்கி வீரர்களுக்கென்று புகழ் மண்டபம் ஒன்று இருக்கிறது. அதில் பெயர் பொறிக்கப்பட்டவர்களின் கதை அத்தனையும் ஆர்வில் ஃப்ரீசனுக்குத் தலைகீழ்ப் பாடம். ஆர்வில் கோதுமைக் கிடங்கில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், எழுபது வயது, பேச்சு கொஞ்சம். லைல் கேள்வி கேட்பான், பஸ்ஸே யோசிக்கும், கடைசியில் ஆர்வில் தொண்டையைச் செருமிவிட்டு விடை சொல்வார். தப்பாகச் சொன்னவன் தலையில் ரோஸ் நிறக் கம்பளிக் குல்லாய் ஏறும். இத்தனை வருஷத்தில் அந்தக் குல்லாய் ஆர்வில் தலையைப் பார்த்ததே இல்லை.

நெஸ்டர் தலையிலோ அது நிரந்தரம். ஏனென்றால் எந்தக் கேள்விக்கும் அவனிடம் ஒரே விடைதான். "க்ளென் ஹால்!" பக்கத்து ஹம்போல்ட் ஊர்க்காரர், கோலி. முகமூடி இல்லாமல் ஐந்நூற்று இரண்டு ஆட்டங்கள் ஒன்றுவிடாமல் நின்றவர். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால் பயத்தில் வாந்தி எடுப்பாராம். அது ஒன்று போதாதா நெஸ்டருக்கு? கல்யாணத்தன்று பாதிரியார், இந்தப் பெண்ணை ஏற்றுக்கொள்கிறாயா என்று கேட்டபோது, ஆர்லீனுக்கு மட்டும் கேட்கும்படி "க்ளென் ஹால்" என்றான். முதல் பிள்ளைக்கு என்ன பெயர் என்று நர்ஸ் கேட்டபோதும் அதையே சொன்னான். பிறந்தது பெண். முப்பத்துநான்கு வருஷமாக இந்தக் கழுதையோடுதான் அவள் குடித்தனம்.

"ஸ்டான்லி கோப்பை. ஐம்பத்துமூணு. கூடுதல் நேரத்துல எல்மர் லாக் கோல் அடிச்சான். அடிச்ச சந்தோஷத்துல அவன் மூக்க உடைச்சது யாரு?"

"க்ளென் ஹால்!" என்றது பின்பக்கம். எல்லோரும் சிரித்தார்கள்.

"அவன் கூட்டாளி ரிஷார்தான்," என்றார் ஆர்வில். "கட்டிப் பிடிக்கத் தாவினான், மூஞ்சியில மோதிட்டான்."

குல்லாய் கைமாறிக் கைமாறிப் பின்னால் போய் நெஸ்டரைச் சேர்ந்தது. கேள்விகள் தொடர்ந்தன. இருபத்தொரு வினாடியில் மூன்று கோல் அடித்தவன் யார், நாற்பத்துநான்கு வயதில் கோலியாக இறங்கிய பயிற்சியாளர் யார். ஆர்லீனுக்கு எல்லா விடையும் தெரியும். பன்னிரண்டு வருஷமாக இதைத்தானே முதுகால் கேட்டுக்கொண்டு ஓட்டுகிறாள். ஒருநாளும் யாரும் அவளைக் கேட்டதில்லை, அவளும் சொன்னதில்லை. காற்று பஸ்ஸைப் பிடித்து உலுக்கியது. குரல்களைக் கேட்டபடி இருப்பது அவளுக்கு ஆறுதலாக இருந்தது. தலை லேசாக வலித்தது. வெள்ளையை உற்றுப் பார்த்ததால் இருக்கும் என்று கண்ணை மூடிக்கொண்டாள்.

"ஐம்பத்துமூணு ஸ்டான்லி கோப்பை," என்று லைல் சொல்லிக்கொண்டிருந்தான். "எல்மர் லாக் மூக்க உடைச்சது யாரு?"

இது கேட்டாயிற்றே என்று அவளுக்குத் தோன்றியது. ஆனால் அதை வேறு யாரும் கவனித்ததாகத் தெரியவில்லை. யாரோ "ரிஷார்" என்று முணுமுணுத்தார்கள். பின்பக்கத்திலிருந்து க்ளென் ஹால் வரவில்லை. தூங்கிவிட்டான் போல என்று நினைத்தாள். அவளுக்கும் தூக்கம் இழுத்துக்கொண்டு போயிற்று.

"இந்தாங்க அய்யா, உங்களுக்குப் பால் பாயசம். கார்டி ஹோ ஒன்பதாம் நம்பர் சட்டைக்கு முன்னாடி என்ன நம்பர் போட்டிருந்தாரு?"

ஆர்வில் தொண்டையைச் செருமினார். இது அவருடைய சொந்தக் கதை மாதிரி. சின்ன நம்பர்காரர்களுக்கு ரயிலில் கீழ்ப்படுக்கை கிடைக்கும் என்பதற்காக ஹோ நம்பரை மாற்றிக்கொண்டார் என்பதை ஆர்வில் சாவு வீட்டிலும் சொல்வார். இப்போது மறுபடியும் செருமினார்.

"ரயில்ல... கீழ்ப்படுக்கைக்காக..." என்றார். "பதினொண்ணு. இல்ல. இருங்க. பதினாலு."

பஸ்ஸே சிரிப்பில் வெடித்தது. "தப்பு! ஆர்வில் தப்பு!" லைல் இருக்கையில் எம்பி எம்பிக் குதித்தான். எத்தனை வருஷக் காத்திருப்பு அல்லவா? யாரோ தட்டுத் தடுமாறிப் பின்னால் போய் நெஸ்டர் தலையிலிருந்து குல்லாயைப் பிடுங்கிவந்து ஆர்வில் தலையில் மாட்டினார்கள். ஆர்லீன் தலைக்கு மேலே பின்பக்கம் காட்டும் கண்ணாடியில் அவர் முகத்தைப் பார்த்தாள். சிரிப்பில்லாத முகம். அதில் இருந்தது பயம். அவருடைய அம்மா கடைசி நான்கு வருஷம் சொந்தப் பிள்ளைகளைப் பார்த்து யாரென்று கேட்டாள். அதே எழுபது வயதில்தான் அதுவும் தொடங்கியது. ஐயோ பாவம், இவருக்கும் வந்துவிட்டதா என்று அவள் மனசு அடித்துக்கொண்டது. அவருக்குக் கைகொடுக்க வேண்டும்போல் இருந்தது. முதன்முறையாக வாய் திறந்து விடையைச் சொல்லிவிடலாம் என்று திரும்பினாள்.

நாக்கில் ஒன்றும் வரவில்லை.

அந்த நம்பர் அவளுக்குத் தெரியும். அவள் ஓட்டும் பள்ளிக்கூட பஸ்ஸின் நம்பர் அது. இருபத்திரண்டு வருஷம் தினமும் காலையில் அந்த மஞ்சள் வண்டியைச் சுற்றிவந்து, பக்கவாட்டில் கறுப்பில் எழுதிய அந்த எண்ணில் படிந்த பனியைக் கையுறையால் துடைத்தவள். வண்டி மனக்கண்ணில் தெரிந்தது. மஞ்சள் தெரிந்தது. எண் இருந்த இடம் வெறுமையாக இருந்தது.

அப்போதுதான் கடிகாரத்தைப் பார்த்தாள். மணி நான்கு அடித்து ஐந்து நிமிஷம். குழாய்ப் பனியைத் தள்ளிவிட்டு வந்து பத்து நிமிஷம் என்றல்லவா நினைத்துக்கொண்டிருந்தாள்? தலைவலி, தூக்கம், ஒரே கேள்வியை இரண்டு தடவை கேட்ட லைல். இந்தக் குடிகாரர்களுக்குத் தலை வலிக்கலாம். பச்சைத் தண்ணீர் குடித்த எனக்கு ஏன் வலிக்கிறது?

சாவியைத் திருகி இன்ஜினை அணைத்தாள். இருக்கையைப் பிடித்து எழுந்தாள். கூரையில் இருந்த அவசரக் கதவை இரண்டு கையாலும் மோதித் திறந்தாள். பனி சரேலென்று உள்ளே கொட்டியது.

"ஏய்! பைத்தியம் பிடிச்சிருச்சா ஒனக்கு?" லைல் பாய்ந்து வந்து சாவிக்குக் கை நீட்டினான். "எல்லாரையும் விறைக்க வச்சுச் சாகடிக்கப் போறியா?"

"பின்னாடி ஓட்டை வழியாப் புகை உள்ள வருதுடா! எல்லாரும் செத்துக்கிட்டு இருக்கோம்! ஆர்வில் தப்பாச் சொன்னாரே, எருமைங்களா, சிரிக்கிறீங்களே, ஆர்வில் தப்பாச் சொல்வாராடா?"

சாவியைப் பிடுங்கி மார்புக்குள் போட்டுக்கொண்டாள். அந்த ஒரு வாக்கியம் அவர்களுக்குள் இறங்கச் சற்று நேரம் பிடித்தது. கடவுள் சாட்சியாகச் சொல்லியிருந்தாலும் நம்பியிருக்கமாட்டார்கள். ஆர்வில் தப்புச் சொல்லமாட்டார் என்பது மட்டும் அவர்களுக்குக் கடவுளுக்கும் மேலே.

அவள் அதற்குள் பின்பக்கம் ஓடியிருந்தாள். ஓட்டம் என்று சொல்லக்கூடாது, இருக்கை இருக்கையாகப் பிடித்து விழுந்து எழுந்து போனாள். ஓட்டைகளுக்கு மேலே, மூட்டைகளுக்கு நடுவே நெஸ்டர். கன்னம் இரண்டும் பழுத்த ஆப்பிள்போலச் சிவந்து, பார்க்க ஆரோக்கியமாக இருந்தான். "நெஸ்டர்!" உலுக்கினாள். தலை ஒரு பக்கம் சாய்ந்தது. "நெஸ்டர்! எந்திரிடா!" கன்னத்தில் ஓங்கி அறைந்தாள். அவள் கை வலித்தது, அவன் இமைகூட அசையவில்லை. பின்கதவின் தாழ்ப்பாளை உதைத்துத் திறந்தாள். காற்று அவளைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தது. கதவுக்குக் கீழே பனி இடுப்பு உயரத்துக்குக் குவிந்திருந்தது. குழாய் இருந்த தடயமே இல்லை. மண்டியிட்டு அவன் வாயருகே காதை வைத்தாள். காற்றின் இரைச்சலில் எதுவும் கேட்கவில்லை. உதட்டைத் தொடும் தூரத்துக்குக் கன்னத்தைக் கொண்டுபோனபோது ஒரு மெல்லிய சூடு பட்டது. பிறகு வெகுநேரம் கழித்து இன்னொன்று.

"அய்யோ, நான்தானே தூங்கிட்டேன்," என்று அவள் சத்தம்போட்டு அழுதாள். "அரை மணிக்கு ஒரு தடவைன்னு நான்தானே சொன்னேன்."

லைலும் இன்னும் இருவரும் சேர்ந்து நெஸ்டரைப் பின்கதவின் விளிம்புக்கு இழுத்தார்கள். முகத்தில் பனி விழுந்து விழுந்து உருகியது. ஆர்வில் அவளுக்குப் பக்கத்தில் வந்து நின்றார். ரோஸ் குல்லாயை இன்னும் கழற்றவில்லை. உதடு கோணி, குழந்தைபோல இருந்தார்.

"ஆர்லீன்," என்றார், "அப்போ மறந்தது புகையாலதானா? எனக்கு... எனக்கு ஒண்ணும் இல்லியா?"

"ஒண்ணும் இல்ல ஆர்வில். எனக்கே என் பஸ் நம்பர் ஞாபகம் வரல. நீங்க போய்க் குழாயத் தோண்டுங்க, போங்க."

ஸ்கேட் காலணிகளின் கயிறுகளை முடிச்சுப்போட்டு நீளமாக்கி, ஒரு முனையை ஆர்வில் இடுப்பிலும் மறுமுனையை இருக்கைக் காலிலும் கட்டினார்கள். நெஸ்டரின் கோலி மட்டைதான் இருந்ததில் அகலமானது. அதை எடுத்துக்கொண்டு கிழவர் பனிக்குள் இறங்கினார். குல்லாயின் ரோஸ் நிறம் ஒரு கணம் தெரிந்து மறைந்தது. கயிறு மட்டும் இழுபட்டுக்கொண்டிருந்தது. ஆர்லீன் ஒரு கையால் கயிற்றையும் மறு கையால் நெஸ்டரின் கழுத்து நாடியையும் பிடித்திருந்தாள். எது முதலில் நின்றுபோகுமோ?

வெள்ளைக்குள்ளிருந்து ஒரு கத்தல் வந்தது. "பதினேழு!" மறுபடியும், அழுகையும் சிரிப்புமாக. "ஆர்லீன்! பதினேழு!"

பதினேழு. மஞ்சள் வண்டியின் பக்கவாட்டில் அந்த எண் திரும்பி வந்து உட்கார்ந்தது. அதே நேரத்தில் நெஸ்டரின் உடம்பு ஒருமுறை தூக்கிப்போட்டது. பக்கவாட்டில் புரண்டு, வாசற்படியெல்லாம் வாந்தி எடுத்தான்.

"க்ளென் ஹால்தான்டா இவன்!" என்று லைல் விசும்பினான். "வாந்தி எடுத்துட்டான்ல, இனி ஆடுவான் பாரு!"

போலீஸுக்கு மறுபடி போன் போட்டாள். இந்தமுறை அந்தப் பெண்ணின் குரலில் நிதானம் போய்விட்டது. பனி வண்டியைக் கிளப்புகிறோம், அதன் பின்னாலேயே ஆம்புலன்ஸ், ஒரு மணி நேரம் ஆகும். அவரைத் தூங்க மட்டும் விட்டுவிடாதீர்கள், பேச்சுக் கொடுத்துக்கொண்டே இருங்கள் என்றாள்.

பத்து நிமிஷம் இன்ஜின், அரை மணி குளிர். ஓடும் நேரமெல்லாம் ஒருவன் கயிற்றைக் கட்டிக்கொண்டு குழாய்க்குக் காவல் நின்றான். ஓட்டைகளில் அழுக்குச் சாக்ஸை அடைத்தார்கள், ஜன்னல்களைத் திறந்தே வைத்தார்கள். எட்டுக் கிழவர்களும் மூட்டைகளிலிருந்து ஈரச் சட்டைகளையெல்லாம் எடுத்து நெஸ்டரைச் சுற்றி, நெருக்கியடித்து உட்கார்ந்தார்கள். ஐந்து நிமிஷத்துக்கு ஒருமுறை ஆர்லீனே ஆர்வில்லைக் கேள்வி கேட்டாள். டெரி சாவ்சக் எத்தனை ஆட்டத்தில் கோல் விடாமல் நின்றான்? நூற்று மூன்று. விடை சரி என்றால் காற்று சுத்தமாக இருக்கிறது. அவளுக்கு இவ்வளவு தெரியும் என்று அன்றுதான் அவர்களுக்குத் தெரிந்தது. அதைப் பற்றிப் பேச யாருக்கும் தெம்பில்லை.

நெஸ்டர் கண் திறந்திருந்தான். யாரையும் பார்க்கவில்லை. கூரையில் எங்கேயோ பார்த்தான். ஆர்வில் தன் தலையிலிருந்த குல்லாயைக் கழற்றி, பனியை உதறிவிட்டு, அவனுக்கு மாட்டிவிட்டார்.

"நீ கேளு லைல்," என்றாள் ஆர்லீன். "ஒன் குரல் அவனுக்குப் பழக்கம்."

லைல் மூக்கைத் துடைத்துக்கொண்டான். ஏலக் குரல் வர மறுத்தது. "டேய் நெஸ்டர், கவனமாக் கேளு. ரயில விட்டுட்டு, இதே மாதிரி பனிப்புயல்ல, ராத்திரி பூரா கார் ஓட்டிக்கிட்டு பாஸ்டன்லேருந்து மான்ட்ரியல் போனான். கையெல்லாம் மரத்துப் போச்சு. மேட்சுல ஒரே ஒரு கோல், அது அவன் அடிச்சது. யாருடா அவன்?"

எட்டு வாய்களும் சிரிக்கத் தயாராகத் திறந்திருந்தன. வரப்போகிற விடை எல்லோருக்கும் தெரியும். நெஸ்டரின் உதடு அசைந்தது.

"எடி ஷோர்," என்றான்.

மெதுவாக, தெளிவாக, பள்ளிக்கூடத்தில் எழுந்து நின்று சொல்கிற மாதிரி சொன்னான்.

"சரி! சரியான விடை!" என்று பஸ் ஆர்ப்பரித்தது. லைல் பக்கத்திலிருந்தவனைக் கட்டிக்கொண்டான். "பொழச்சுட்டான்டா! மூளை வேலை செய்யுதுடா! வாழ்க்கையிலயே மொதத் தடவ சரியாச் சொல்லிட்டான்!" யாரோ குல்லாயை நெஸ்டர் தலையிலிருந்து எடுத்து வீசினார்கள். அது ஆர்லீன் மடியில் வந்து விழுந்தது.

ஆர்லீன் கைதட்டவில்லை. அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஆர்வில்லும் தட்டவில்லை. அவர் அவளைப் பார்த்தார், பிறகு பார்வையைத் தாழ்த்திக்கொண்டார். சரியான விடையைப் பாதிரியாரிடமே சொல்லாதவன், நர்ஸிடமும் சொல்லாதவன். விடை தெரியாமலா இத்தனை வருஷம் க்ளென் ஹால் என்று சொல்லிக் குல்லாய் போட்டுக்கொண்டான்?

"நெஸ்டர்," என்று குனிந்தாள். அவன் கண் அவள் பக்கம் திரும்பியது. மரியாதையான, அந்நியமான பார்வை. பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்த பெண்ணைப் பார்ப்பதுபோலப் பார்த்தான். குரலை முடிந்தமட்டும் சாதாரணமாக்கிக்கொண்டாள். "ஒவ்வொரு மேட்சுக்கும் முன்னாடி பயத்துல வாந்தி எடுப்பாரே ஒரு கோலி. நம்ம பக்கத்தூர்க்காரரு. அவரு யாரு?"

ஆர்ப்பரிப்பு அடங்கியது. தூரத்தில், வெள்ளைக்கு அப்பால், நீலமும் மஞ்சளுமாக ஒரு வெளிச்சம் சுற்றத் தொடங்கியிருந்தது. பனி வண்டியின் விளக்கு. அது பனி படிந்த ஜன்னலைத் தொட்டு, நெஸ்டரின் முகத்தைத் தொட்டு, போய், மறுபடி வந்தது. யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. ரோஸ் குல்லாயை இரண்டு கைகளாலும் விரித்துப் பிடித்தபடி, அவன் உதடுகளுக்கு வெகு அருகில், ஆர்லீன் காத்திருந்தாள்.